கங்கா யாத்திரையும் கைங்கர்யமும்

ஸ்ரீமத் பகவத்கீதையின் பத்தாம் அத்தியாயத்தில் தன் விபூதிகளை விரித்துரைக்கும் கண்ணபிரான், மீனினத்துள் தான் மகரம் என்றும், நதிகளுள் தான் ஜாஹ்நவியாகிய கங்கை என்றும் ஒரே சுலோகத்தில் அருளிச்செய்கிறான். நதியும் நீர்வாழ் உயிரும் அவன் திருவாக்கில் அருகருகே நிற்பது சிந்திக்கத் தக்கது.

உலகளந்த பெருமானின் திருவடியில் தோன்றியது கங்கை. அத்தீர்த்தத்தைப் பின்தொடரும் யாத்திரிகர், திருமங்கையாழ்வார் மங்களாசாஸனம் செய்த பதரிகாச்ரமத்தில் அலகநந்தையை ஸேவிக்கிறார். பெரியாழ்வார் பாடிய கண்டமென்னும் கடிநகராகிய தேவப்ரயாகையில் அது பாகீரதியோடு கலந்து, கங்கை என்னும் திருநாமம் பெறுகிறது. பின்பு ஹரித்வாரத்தில் சமவெளியை அடைந்து, ப்ரயாகையில் யமுனையோடு கூடி, காசியையும் பாட்னாவையும் கடந்து கடலை நாடுகிறது. அதன் நீளம் ஏறத்தாழ 2,500 கிலோமீட்டர்.

சமவெளியின் ஆழ்ந்த மடுக்களில் கங்கை டால்பின் வாழ்கிறது. வடமொழியில் இதற்குச் சிசுமாரம் என்று பெயர். நக்ஷத்ர மண்டலத்தையே சிசுமார வடிவான பகவானின் திருமேனியாக விஷ்ணு புராணம் வர்ணிக்கிறது. கண்பார்வை ஏறக்குறைய இல்லாத இவ்வுயிர், தான் எழுப்பும் ஒலியின் எதிரொலியைக் கொண்டே இரை தேடுகிறது. பீஹாரில் 1991-ல் இதற்கென ஒரு சரணாலயம் அமைந்தது. 2009-ல் இது தேசிய நீர்வாழ் விலங்காக அறிவிக்கப்பட்டது. ஆயினும் கழிவுநீரும் மீன்வலைகளும் இதனை வருத்துகின்றன. அணைகள் இதன் கூட்டங்களைப் பிரிக்கின்றன. 1975-ல் இயங்கத் தொடங்கிய பரக்கா அணையால், முட்டையிடக் கடலிலிருந்து ஆற்றில் ஏறிவந்த உல்லம் மீனின் வழியும் தடைப்பட்டது.

திருவடித் தீர்த்தத்திற்கு அசுத்தம் உண்டோ என்று சிலர் வினவக்கூடும். தீர்த்தத்தின் மஹிமைக்குக் குறைவில்லை. குறைவு அதில் அழுக்கைச் சேர்ப்பவனுக்கே. தாய் குழந்தையின் மேனி அழுக்கைக் கழுவுகிறாள். அதற்காக அவள்மேல் சேற்றை எறியலாமோ? நீரில் மலஜலம் கழிப்பதையும் உமிழ்வதையும் மனு ஸ்ம்ருதியும் விலக்குகிறது. மேலும், சேதனம் அசேதனம் யாவும் எம்பெருமானுக்குச் சரீரம் என்பதே நம் ஸித்தாந்தம். அவ்வாறாயின் நதிக்கும் அதன் உயிர்களுக்கும் செய்யும் தீங்கு யாரைச் சென்று சேரும்?

ஆகவே கங்கையில் நீராடச் செல்லும் அடியார், சோப்பையும் பிளாஸ்டிக் பையையும் பழந்துணியையும் அதில் விடாது, பக்தியோடு மூழ்கி எழுவாராக. பாவத்தைப் போக்கிக்கொள்ளச் சென்ற இடத்தில் புதிய பாவத்தைத் தேடிக்கொள்ளாதிருப்பதும் ஒரு கைங்கர்யமே. அதனைக் கங்கையின் நாதன் திருவுள்ளம் உகந்து ஏற்பான்.

சுபம்.