கொடுத்தவர் மறக்க, பெற்றவர் நினைக்க

நம் மகளின் நிக்காஹ் நடந்து எட்டுத் திங்கள் சென்றிருக்கும். திருச்செந்தூர்ப் பேருந்து நிலையத்தில் தூத்துக்குடி வண்டிக்காகக் காத்து நின்றபோது, முக்காடிட்ட மூதாட்டி ஒருவர் அருகே வந்து ஸலாம் உரைத்தார். ஓலை முடைந்து வாழ்பவர். அவருடைய மகன் நம்மிடம் குர்ஆன் ஓதியவன். நலம் விசாரித்து முடிந்த பின் சற்றே தயங்கி, "ஆலிம்சா, கலியாணத்துக்கு ஒரு பெட்டி குடுத்து விட்டேனே, வந்து சேந்துச்சா? பிள்ளை பாத்துச்சா?" என்று கேட்டார்.

நமக்கு நா எழவில்லை. பெட்டி வந்து சேர்ந்திருந்தது. சாயம் தோய்த்த ஓலையால் முடைந்த பெட்டி. உள்ளே உடன்குடிக் கருப்பட்டி. அண்டை வீட்டுக்காரர் கையில் கொடுத்தனுப்பியிருந்தார். நாமோ மணவிழா முடிந்த பத்தாம் நாளே மொய்ப் புத்தகத்தைப் பக்கம் பக்கமாகப் புரட்டி, பெயர் கண்ட அத்தனை பேருக்கும் அச்சிட்ட நன்றி மடல் அனுப்பிவிட்டு, கடமை தீர்ந்தது என்று இருந்தோம். ஓலைப் பெட்டிக்கு மொய்ப் புத்தகத்தில் வரி ஏது? எனவே அந்த அம்மையாருக்கு மடலும் இல்லை.

அவர் நன்றி கேட்கவில்லை என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். வந்து சேர்ந்ததா என்றுதான் கேட்டார். எட்டு மாதம் அந்த ஐயத்தை அவர் நெஞ்சில் சுமக்கும்படி விட்டவர்கள் நாம். அன்று முதல் இப்பொருளைப் பற்றிச் சிந்தித்து வருகிறோம்.

மணவிழாவில் தரப்படும் பொருள் அன்பளிப்பா, கடனா? இது புதிய வினா அன்று. அறபு நாடுகளில் மணவிழாவில் பணம் தரும் வழக்கத்திற்கு 'நுகூத்' என்று பெயர். நம் கடற்கரையோர மக்கள் பெரும்பாலும் பின்பற்றும் ஷாபிஈ மத்ஹபின் அறிஞர்கள் இதைக் குறித்து நெடிது வாதிட்டிருக்கின்றனர். அது கடனைப் போன்றது, கொடுத்தவர் திருப்பிக் கேட்கலாம் என்றனர் சிலர். எகிப்தின் பேரறிஞர் புல்கீனீ அது அன்பளிப்பே என்றார். 16ஆம் நூற்றாண்டில் மக்காவில் வாழ்ந்த இப்னு ஹஜர் ஹைதமீ தம் 'துஹ்ஃபா'வில் இதனை எடுத்து ஆராய்ந்து, ஊருக்கு ஊர் வழக்கம் வேறுபடுவதால் வழக்கத்தை மட்டும் கொண்டு கடன் என முடிவு கட்டலாகாது, கொடுத்தவர் கடன் என்ற எண்ணத்துடன் அதற்குரிய சொல்லும் சொல்லிக் கொடுத்தாலன்றி அது அன்பளிப்பே என்ற பக்கம் சாய்கிறார்.

இளமையில் இந்தப் பகுதியை ஓதியபோது, வேலையற்ற விவாதம் என்று எண்ணினோம். இன்று அவ்வாறு எண்ணவில்லை. கடனாயின் எழுதி வைப்பதும் குறித்தபடி திருப்புவதும் கடமை; அங்கே நன்றிக்கு அவசியம் குறைவு. அன்பளிப்பாயின் கணக்கு எழுதுவது அழகன்று, நன்றியே கடமை. நாம் செய்வது என்ன? வாங்கும்போது அன்பளிப்பு என்கிறோம். எழுதும்போது கடனாக எழுதுகிறோம். நன்றியும் முழுமையாக இல்லை, கணக்கும் நேர்மையாக இல்லை.

இவ்வகையில் பேராவூரணி, கீரமங்கலம் வட்டாரத்து மக்களை நாம் குறை கூற மாட்டோம். அங்கே ஆடி மாதத்தில் 'மொய் விருந்து' என்றே அழைப்பிதழ் அடித்து, விருந்திட்டு, வந்த தொகையை முதலாக வைத்துத் தொழில் செய்து, பின்னர் அவரவர் விருந்தில் திருப்பிச் செய்கின்றனர். அது கொடுக்கல் வாங்கல் என்பது இலைக்கு முன் அமர்ந்த ஒவ்வொருவருக்கும் தெரியும். அதன் நன்மை தீமை வேறு; அதில் மறைப்பு இல்லை.

கணக்கு என்பது நம் கரைக்கும் புதிதன்று. தூத்துக்குடியில் முத்துச் சலாபம் நடந்த காலத்தில் கரைக்கு வந்த சிப்பிகள் கூறு போடப்பட்டன. குளித்தவருக்கு இத்தனை பங்கு, அரசுக்கு இத்தனை பங்கு என்று எண்ணிப் பிரித்தனர். திறவாத சிப்பிகளை ஆயிரக்கணக்கில் ஏலத்தில் எடுத்தவர், உள்ளே முத்து இருந்தாலும் இல்லாவிட்டாலும் விற்றவரைக் குறை சொல்ல இயலாது. நன்றி சொல்லவும் வேண்டுவதில்லை. 1961க்குப் பின் இங்கே சலாபம் நடைபெறவில்லை. ஆயினும் அந்த எண்ணிப் பிரிக்கும் புத்தி மணப்பந்தலில் வந்து அமர்ந்துகொண்டது போலும்! வாப்பாவின் காலத்தில் நூற்றொன்று செய்தவருக்கு இன்று எவ்வளவு செய்வது என்று பேரர்கள் பழைய புத்தகத்தை விரித்துப் பார்ப்பதை நாம் கண்டிருக்கிறோம். கொடுத்தவரோ, தாம் செய்தது இம்மி பிசகாமல் நினைவில் வைத்திருக்கிறார். பெற்றவர் புத்தகத்தைப் பார்க்காமல் சொல்லத் தெரியாது. கொடுத்தவர் மறக்க வேண்டியதை நினைக்கிறார். பெற்றவர் நினைக்க வேண்டியதை மறக்கிறார்.

பிறர் பொருளில் வளரட்டும் என்று கொடுப்பது இறைவனிடத்தில் வளர்வதில்லை என்று திருக்குர்ஆனின் ரூம் அத்தியாயம் கூறுகிறது. கொடுத்ததைவிடக் கூடுதலாகத் திரும்பும் என்று எண்ணித் தரும் அன்பளிப்பையே இது குறிக்கிறது என்பது பண்டைய விரிவுரையாளர் பலரின் கருத்து. 'தஹ்ர்' அத்தியாயமோ, ஏழைக்கும் அநாதைக்கும் சிறைப்பட்டவருக்கும் உணவளித்துவிட்டுக் கைம்மாறோ நன்றியோ வேண்டோம் என்று இருப்போரைப் போற்றுகிறது. இதைச் சிலர் தலைகீழாகப் பிடித்துக்கொள்கின்றனர். "கொடுத்தவர் எதிர்பார்க்கக் கூடாதல்லவா, பிறகு நாம் ஏன் எழுத வேண்டும்?" என்று ஓர் இளைஞர் நம்மிடமே வாதாடினார். எதிர்பாராமை கொடுத்தவரின் ஒழுக்கம். அதைப் பெற்றவர் தமக்குச் சலுகையாக எடுத்துக்கொள்ளலாகாது. மக்களுக்கு நன்றி செலுத்தாதவர் இறைவனுக்கும் நன்றி செலுத்தாதவர் என்ற கருத்தில் வரும் நபிமொழி, பெற்றவரை நோக்கியது.

நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அன்னை ஜைனப் (ரலி) அவர்களை மணந்த வேளையில் உம்மு சுலைம் (ரலி) பேரீச்சம்பழமும் நெய்யும் சேர்த்து 'ஹைஸ்' என்னும் இனிப்புச் செய்து, ஒரு பாத்திரத்தில் வைத்து, மகன் அனஸ் (ரலி) கையில் கொடுத்தனுப்பினார். ஸலாம் சொல், எங்களிடமிருந்து தங்களுக்கு இது சிறிய அளவே என்று சொல் எனவும் பணித்தார். பெருமானார் அதை வாங்கி வைத்து, இன்னின்னாரை அழைத்து வா என்று அந்தச் சிறுவரையே ஏவினார்கள். பத்துப் பத்துப் பேராக ஏறத்தாழ முந்நூறு பேர் அதிலிருந்து உண்டனர். பாத்திரத்தை வைத்தபோது அதிகம் இருந்ததா, எடுத்தபோது அதிகம் இருந்ததா என அறியேன் என்று அனஸ் பிற்காலத்தில் கூறினார். இதிலுள்ள அற்புதத்தைப் பலரும் பேசுவர். நம் கண்ணில் படுவது வேறு. சிறிதென்று நாணி அனுப்பிய தாய்க்கு, அது எங்கே சேர்ந்தது, யார் யார் உண்டனர் என்ற செய்தியெல்லாம் கொண்டு சென்ற மகன் வாயிலாகவே கிடைத்துவிட்டது.

எழுத்தில் நன்றி சொல்வதும் நம் மண்ணுக்கு அந்நியமன்று. எட்டயபுரத்தில் அடங்கியிருக்கும் உமறுப் புலவர், தம்மை ஆதரித்த அபுல் காசிம் மரைக்காயரைச் சீறாப்புராணத்திற்குள்ளேயே இடமறிந்து வாழ்த்தியிருக்கிறார். வள்ளலின் செல்வம் என்னவாயிற்று என்று இன்று கேட்பாரில்லை. பெயர் காவியத்தோடு நிற்கிறது.

நமக்குக் காவியம் வேண்டாம். நான்கு வரி போதும். ஆனால் அச்சிட்ட மடலும், கைப்பேசியில் ஒரே சொடுக்கில் இருநூறு பேருக்குப் பறக்கும் செய்தியும் அந்த நான்கு வரிக்கு ஈடாகா. என்ன வந்தது என்று பொருளின் பெயரைச் சொல்லி, அது இப்போது எங்கே இருக்கிறது என்றும் சொல்ல வேண்டும். விலையைப் பற்றிய பேச்சே கூடாது. மணமக்களே எழுதுவது நன்று. தந்தையார் கையெழுத்து அதற்கு மாற்றன்று. நான்காவதாக வந்த சுவர்க் கடிகாரத்திற்கு என்ன எழுதுவது என்று மகள் நம்மைக் கேட்டாள். இதைத்தான் தேடிக்கொண்டிருந்தோம் என்று பொய் எழுத வேண்டாம். நினைத்து வாங்கி வந்தீர்களே என்று எழுது, அது மெய்தான் என்றோம். எதிரே நின்று உறையை நீட்டியவருக்கு 'ஜஸாக்கல்லாஹு கைரன்' என்று மனமாரச் சொன்னால் அதுவே நிறைவான நன்றி என்பது ஹதீஸ். வர இயலாமல் கொழும்பிலிருந்தும் ஹாங்காங்கிலிருந்தும் பிறர் கையில் கொடுத்து விடுபவருக்கு அந்தச் சொல் எப்படிக் கேட்கும்? அவர்களுக்கும், கொடுப்பதற்குக் கையில் அதிகம் இல்லாதவர்களுக்கும் முதலில் எழுத வேண்டும். நாம் கடைசியிலும் எழுதவில்லை.

அன்று மாலை வீடு திரும்பி மகளிடம் சொன்னோம். அவள் சற்று நேரம் பேசாதிருந்து, பின் தாளெடுத்து அமர்ந்தாள். அம்மூதாட்டி தமிழ் எழுத்துப் பயிலாதவர். ஆனால் அக்காலத்துப் பெண்மக்களைப் போல அறபுத் தமிழ் படிப்பார். மகளுக்கு அவ்வெழுத்து வராது. எனவே அவள் சொல்லச் சொல்ல நாம் எழுதினோம். கருப்பட்டியைப் பிட்டு வீட்டில் எல்லோரும் தின்றதையும், பெட்டியின் மூடி இறுக்கமாக இருப்பதால் எறும்பு அண்டுவதில்லை என்பதையும், அதில் தன் தஸ்பீஹும் ஊசி நூலும் வைத்திருப்பதையும் சொன்னாள். தாமதத்திற்கு என்ன காரணம் எழுதுவது என்று நாம் கேட்டோம். "வாப்பா, காரணம் ஒன்றும் இல்லையே" என்றாள். அவ்வாறே எழுதி, கீழே அவளைப் பெயர் எழுதச் செய்து, மறுநாள் நாமே கொண்டுபோய்க் கொடுத்தோம்.