கோட்டும் துண்டும்

எங்க நைனா ஊர்த்தெருவுக்குள் நுழையும்போது தோள்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொள்வார். யாரும் சொல்ல வேண்டியதில்லை, கை தானாகச் செய்யும். திருத்தணி மலையின் 365 படியையும் நிமிர்ந்தே ஏறுகிற மனுசன், நாற்பது வீட்டைத் தாண்டக் குனிவார்.

2016இல் அவரைக் ‘கபாலி’க்குக் கூட்டிப்போனேன். தொடக்கத்திலேயே சிறைக்குள் கபாலி படித்துக்கொண்டிருப்பது தெலங்கானா தலித் குடும்பமொன்றின் கதையான ‘மை ஃபாதர் பாலய்யா’. எனக்குப் புல்லரித்தது, விசிலடித்தேன். நைனாவுக்குப் புத்தகம் தெரியாது. அவர் கோட்டைத்தான் பார்த்தார். வெளியே வந்ததும் கேட்டார்: “ஏன்டா, நம்ம ஆளு கோட்டு போட்டா ஊர்க்காரன் சும்மா இருப்பானா? சினிமாவுல ஜெயிச்சுட்டா ஆச்சா?”

தோற்றுக்கொண்டிருக்கும் சனங்களை ஜெயிப்பவர்களாகக் காட்டுவது பொய்யா? பா. ரஞ்சித்தின் படங்களை இந்தக் கேள்வியோடுதான் பார்த்துவருகிறேன். எங்கள் திருவள்ளூர் மாவட்டத்துக்காரர், ஆவடிப் பக்கம் கரலப்பாக்கம். ‘அட்டகத்தி’யில் (2012) சேரி ஒப்பாரி வைக்கவில்லை. காதலிக்கிறது, சிரிக்கிறது, ஆடுகிறது. ‘மெட்ராஸ்’ (2014) ஒரு சுவரை வைத்துக் கட்சி அரசியலைக் கேட்டது. ‘காலா’ (2018) தாராவி மண் யாருக்கு என்று கேட்டது.

தோழர் ஒருவர் சொல்வார்: “முதலாளி காசு, சூப்பர் ஸ்டார் மூஞ்சி. இதுல விடுதலை எங்க கீது? நம்ம தோல்விதான் உண்மை, அதைக் காட்டணும்.” பாதி சரி. ரஜினி நிமிரும்போது கூட்டம் கைதட்டுவது பெரும்பாலும் ரஜினிக்குத்தான். ஆனால் நம் தோல்வியை மட்டும் காட்டிய படங்கள் நமக்கு என்ன கொடுத்தன? பரிதாபம். பரிதாபத்தை வாங்கிக்கொள்ளவும் துண்டைக் கக்கத்தில்தான் வைக்க வேண்டியிருக்கிறது.

ரஞ்சித் தயாரித்து மாரி செல்வராஜ் இயக்கிய ‘பரியேறும் பெருமாள்’ (2018) படத்தில் ஜெயிப்பே இல்லை. கடைசியில் இரண்டு டீ கிளாஸ், நடுவில் ஒரு மல்லிகைப்பூ. இரட்டைக்குவளை கண்ட சனத்துக்கு அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

யோசித்துப் பார்த்தால் ரஞ்சித்தின் படங்களிலும் வெற்றி இலவசமாக வருவதில்லை. ‘மெட்ராஸ்’ சுவருக்கு அன்புவின் உயிர் போகிறது. ‘சார்பட்டா பரம்பரை’யில் (2021) கபிலன் சாராயத்தில் விழுந்து, உடம்பு ஊதி, பிறகுதான் எழுகிறான். கபாலியின் கோட்டுக்கு இருபத்தைந்து வருசச் சிறை, பிரிந்துபோன பெண்டாட்டி பிள்ளை. கடைசியில் திரை இருட்டாகி ஒரு துப்பாக்கிச் சத்தம். “சுட்டுட்டானா?” என்று நைனா கேட்டார். விசில் சத்தத்தில் எனக்கு அது சரியாகக் கேட்கவேயில்லை.

விலையை மறைத்து வெற்றியைக் காட்டினால் அது பொய். இந்தப் படங்கள் விலையைச் சொல்லிவிடுகின்றன. நாம்தான் கைதட்டலோடு எழுந்து வந்துவிடுகிறோம்.

அன்றைக்கு ராத்திரி ஊர்த்தெரு வந்ததும் நைனா துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்தார். எம்.ஏ. தமிழ் படித்தவன், மேடையில் பேசுகிறவன், தியேட்டரில் விசிலடித்தவன், நான் பக்கத்தில்தான் நடந்தேன். “தோள்ல போடு நைனா” என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை.