யாருடைய கை?

ஸ்வீடன் ஓவியர் ஹில்மா ஆஃப் கிளிண்டின் குறிப்பேடுகள் 26,000 பக்கங்களைத் தாண்டும். அவரிடம் நீலம் பெண், மஞ்சள் ஆண். நத்தை ஓடுபோல் சுழலும் கோடு வளர்ச்சி. 1906 முதல் 1915 வரை கோயிலொன்றுக்காக வரைந்தவை 193 ஓவியங்கள். ஆவிகள் சொல்லியே வரைந்ததாக எழுதிவைத்தார்.

“அப்படியானால் அது அவருடையதா, மேடம்?” என்றாள் என் மாணவி.

எனக்கு அத்தை நினைவுக்கு வந்தார். சாமி வந்தால்தான் மாமாவை அதட்டுவார். மறுநாள் எதுவும் தெரியாது என்பார். அது நடிப்பென்று நான் ஒருநாளும் நினைத்ததில்லை. கோபம் மட்டும் அத்தையுடையதுதான். ஹில்மாவின் நீலமும் அப்படித்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். தான் நம்பிக் கைவிட்ட உரிமையை அவரிடமே திணிக்க நான் யார்? அத்தையிடமும் இதை நான் கேட்டதில்லை.

மாணவி இன்னும் நின்றுகொண்டிருந்தாள்.