மாஹேக்கு ஓர் அங்கத்தினர் போதுமா?



எந்த ஊருக்குச் சட்டசபையில் எத்தனை ஸ்தானம் என்பது வெறும் கணக்கு விஷயம் என்று நினைக்கிறோம். அது நியாயத்தையும் மனச்சாட்சியையும் பற்றிய விஷயம். புதுச்சேரியைப் பாருங்கள்.

புதுச்சேரிச் சட்டசபைக்கு மக்கள் தேர்ந்தெடுக்கும் அங்கத்தினர் 30 பேர். அந்தச் சிறு பிரதேசமோ ஒரே நிலப்பரப்பன்று. பிரெஞ்சுக்காரர் ஆண்ட நான்கு பகுதிகள் சேர்ந்தது. புதுச்சேரியும் காரைக்காலும் தமிழ் பேசுபவை. மாஹே மலையாளக் கரையில் இருக்கிறது. ஏனாம் ஆந்திரத்தில், கோதாவரி ஓரத்தில் இருக்கிறது.

முன்பு மாஹேக்கு மாஹே, பள்ளூர் என இரண்டு தொகுதிகள் இருந்தன. 2001-ஆம் ஆண்டு ஜனத்தொகைப்படி பிரதேசம் முழுவதிலும் சுமார் 9.74 லட்சம் பேர். தொகுதிக்குச் சராசரி 32,000 பேர். மாஹேயில் இருந்தவர்களோ 37,000-க்கும் குறைவு. ஆகவே தொகுதிகள் திருத்தப்பட்டு, 2011 தேர்தல் முதல் மாஹேக்கு ஒரே அங்கத்தினர் என்றாயிற்று. காரைக்காலின் ஆறும் ஐந்தாயிற்று.

இது அநீதியா? அன்று. மாஹேவாசி ஒருவரின் வாக்குக்குப் புதுச்சேரிவாசி இருவரின் வாக்களவு பலம் இருப்பது முறையாகாது. மனிதர் யாவரும் சமம் என்றால் வாக்கும் சமமாகவே இருக்கவேண்டும்.

ஆனால் நியாயம் அதோடு முடிந்துவிடுகிறதா? தூரத்தாலும் மொழியாலும் பிரிந்த ஓர் ஊருக்கு முப்பதில் ஒரே குரல். மற்ற 29 பேரும் செவிகொடாவிட்டால் அந்தக் குரல் என்ன செய்யும்?

“என்னைத் தேர்ந்தவர்களுக்கே நான் கடமைப்பட்டவன்” என்று ஓர் அங்கத்தினர் சொல்லலாம். அது பாதி உண்மையே. அவர் கைதூக்கி நிறைவேற்றும் சட்டமும் வரவுசெலவுத் திட்டமும் மாஹேயையும் கட்டுப்படுத்துகின்றன. தமக்கு வாக்களிக்க வழியே இல்லாதவர்கள்மீதும் அவருக்கு அதிகாரம் உண்டு. அதிகாரம் உள்ள இடத்தில் பொறுப்பும் உண்டு. சிறு ஊரின் ஸ்தானம் குறைந்தபோது மற்றவர்களின் பொறுப்பு கூடிற்று என்பதே சரி.

இதில் வாக்காளருக்கும் பங்குண்டு. “எங்கள் தெருவுக்கு என்ன செய்தீர்?” என்று மட்டுமே நாம் கேட்டால், தெருவை மட்டுமே பார்க்கும் பிரதிநிதிதான் நமக்குக் கிடைப்பார். அடுத்த முறை வேட்பாளர் வாசலுக்கு வரும்போது, உங்கள் தெருவைப் பற்றிக் கேளுங்கள். அதோடு, வாக்குப் பலமில்லாத தூரத்து ஊருக்கு என்ன செய்வார் என்றும் கேளுங்கள்.