கடல்கோளும் வினைப்பயனும்

மாயக்கடலொன்று ஒரு கணத்தில் வற்றித் தரை காட்டி, மறுகணம் மலைபோல் எழுந்து ஊரை விழுங்கிற்றெனக் கதைகள் கூறும். மதுரைமேல் ஏவப்பட்ட கடலை உக்கிரகுமார பாண்டியர் வேல்விட்டு வற்றுவித்த வரலாற்றைத் திருவிளையாடற் புராணங் கற்றோர் அறிவர். கதையிற் கேட்ட அவ்வியப்பும் அச்சமும் 2004ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் 26ஆந் திகதி காலையில் நங் கீழ்கரையில் மெய்யாகவே நிகழ்ந்தன. அதனைப்பற்றி மாணாக்கருக்கு யாது கூறல் வேண்டுமென்பது சைவாசிரியர் ஒவ்வொருவரும் ஆராய்தற்குரிய வினாவாம்.

நிகழ்ந்தது இன்னதென முதலில் அறிவோம். கல்குடா, பாசிக்குடாக் கரைகளிற் கடலின் ஏற்றமும் வற்றமும் நாடோறும் உண்டு. சந்திர சூரியரின் ஈர்ப்பால் வரும் அவ்வேறுபாடு ஒரு மீற்றரிலுங் குறைந்தது. ஓட்டமாவடிப் பாலத்தின்கீழ் வாவியினுள் வரும்போது இன்னுங் குறையும். அன்று பூரணையாயினும் கடல் பொங்கியது அதனாலன்று. காலை ஏழு மணியளவிற் சுமாத்திராத் தீவின் மேற்கே, கடலடியில் ஒரு புவித்தட்டு மற்றொன்றின்கீழ் நுழையுமிடத்தில் நெடுங்காலந் திரண்டிருந்த இறுக்கம் அவிழ்ந்தது. கடற்றளம் மேற்குப்புறத்தில் உயர்ந்து கிழக்குப்புறத்தில் தாழ்ந்தது. அதனால், கிழக்கேயுள்ள தாய்லாந்துக் கரையிற் கடல் முதலிற் பின்வாங்கிற்று. மேற்கேயுள்ள இலங்கைக்கோ அலை ஏறக்குறைய 1,600 கிலோமீற்றர் கடந்து இரண்டு மணி நேரத்துள் வந்தது. முதலில் நீர் ஏறி, பின் உள்வாங்கி, மீண்டும் பேரலையாய் எழுந்தது. இந்நாட்டில் மட்டும் 30,000க்கு மேற்பட்டோர் மாண்டனர்.

“ஐயா, மாண்டவரெல்லாம் பாவிகளோ?” எனப் பிள்ளையொன்று வினாவுமாயின், “வினைப்பயன்” என்று கூறி அமைதல் எளிது. 1934ஆம் ஆண்டு பீகாரில் நிலநடுக்கம் நேர்ந்தபோது, அது தீண்டாமையென்னும் பாவத்துக்குக் கிடைத்த தண்டனையெனக் காந்தியடிகள் கூறினார். இரவீந்திரநாத தாகூர் அதனை மறுத்தார். இயற்கை நிகழ்ச்சிக்கு இயற்கையிலேயே காரணங் காணல் வேண்டுமென்பது அவர் கொள்கை. தீண்டாமை தீதென்பதில் இருவருக்கும் வேற்றுமையில்லை. ஒருவர்மேல் வந்த அழிவைக்கொண்டு அவரது குற்றத்தைத் துணியலாமோ என்பதே வழக்கு. நங் கரையில் மாண்டோருட் பால்குடி மகவும் உண்டு. சைவரும் முஸ்லிம்களும் கிறித்தவரும் உண்டு. அலை எவரையும் பிரித்தறிந்ததில்லை.

நமது சித்தாந்தம் வினையை உடன்படுவதே. ஆயினும் அது வினையைச் சஞ்சிதம், பிராரத்தம், ஆகாமியமென மூன்றாக வகுத்தமையை மறத்தலாகாது. பிறரது சஞ்சிதத்தையும் பிராரத்தத்தையும் அறிந்து ஊட்டுபவன் இறைவன் ஒருவனே. ஆதலின் வினைக்கொள்கை தன் துன்பத்தைத் தான் பொறுத்தற்குத் துணையாகும் ஊன்றுகோல். பிறர் துன்பத்தை அளக்கும் முழக்கோலன்று. இப்பொழுது செய்யும் ஆகாமியமொன்றே நம் பொறுப்பு. அயலார் அழிவைக் கண்டு “அவர் வினை” என்று வாளாவிருப்பவன் அவர் வினையை அறிந்தானல்லன். தனக்கொரு வினையைத் தேடிக்கொண்டவனாவான்.

“விதி வந்துற்றார்க்குக் கல்வி என்செய்யும்?” எனின், கூறுதும். சுமாத்திராவை அடுத்த சிமுலு என்னுந் தீவை 1907ஆம் ஆண்டு ஒரு கடல்கோள் அழித்தது. எஞ்சியோர் அதனைச் ‘சுமோங்’ என்று வழங்கி, நிலம் வலிதாக நடுங்கிக் கடல் பின்வாங்குமாயின் மேட்டுக்கு ஓடுக எனக் கதையாகவுந் தாலாட்டாகவும் மக்களுக்குக் கற்பித்து வந்தனர். ஏறக்குறைய 78,000 பேர் வாழ்ந்த அத்தீவில், 2004ஆம் ஆண்டு மாண்டோர் எழுவரே. அதே நாளில் தாய்லாந்தின் புக்கெத்துத் தீவிலே, டில்லி சிமித் என்னும் பத்து வயது ஆங்கிலச் சிறுமி கடல் நுரைத்துக் குமிழியிடுதலைக் கண்டாள். இரண்டு கிழமைக்கு முன் பூமிசாத்திரப் பாடத்திற் கற்றதை நினைந்து பெற்றோருக்குக் கூறினாள். அக்கரையில் நின்ற ஏறக்குறைய நூறுபேர் விலகிப் பிழைத்தனர். இவர் பிழைத்ததும் வினைப்பயனே என்பாருளராயின், அப்பயன் ஆசிரியர் வாய்வழியே வந்ததென்பதையும் அவர் உடன்படல் வேண்டும். திருவருள் வரும் வழிகளுட் கல்வியும் ஒன்றாம்.

ஆதலின், ஆசிரியர்காள்! இவற்றைப் பிள்ளைகள் மனத்திற் பதியச் செய்யுங்கள். கரையில் நிலநடுக்கம் உணரின் அறிவித்தலுக்குக் காத்திராது மேட்டுநிலஞ் செல்க. தொலைவில் நேர்ந்த நடுக்கம் நமக்குப் புலப்படாமலும் போகும்; அதனாற் கடல் திடீரென ஏறினும் வற்றினும் வேடிக்கை பார்த்து நில்லற்க. முதலலை போயிற்றென மீண்டு வரற்க. அடுத்தது அதனினும் பெரிதாகலாம். 2004ஆம் ஆண்டில் இந்துசமுத்திரத்துக்கென எச்சரிக்கை அமைப்பு இருந்ததில்லை, இன்று உண்டு. ஆயினும் அக்குரலைக் கேட்டவுடன் எழுந்து நடக்கும் அறிவைப் பள்ளிக்கூடமே அளித்தல் வேண்டும்.

திருவள்ளுவர் சான்றோரை ஆழியென்றார். பரிமேலழகர் அதற்குக் கரையென்று பொருள் கண்டார். கடல் தன் நிலை திரிந்த நாளிலுந் திரியாது நிற்பவர் அவர். மாண்டவரைப் பழியாது, அவர்க்காக இரங்கி, வாழ்வோர்க்கு அறிவூட்டும் ஆசிரியரும் அத்தகைய கரையாவர்.