அருவருப்பும் அறமும்

மலாக்கா மாநிலத்தில் பன்றி வளர்ப்பைக் குறித்து எழுந்த பூசல்களுள் பெரியதொன்று, 2007-ஆம் ஆண்டு செப்டம்பரில் மஸ்ஜித் தானாவை அடுத்த பாயா மெங்குவாங்கில் நிகழ்ந்தது. மாநிலத்துப் பன்றிகளை 48,000-க்குள் குறைக்க வேண்டுமென்று அரசு ஆணையிட, அதனை நிறைவேற்றப் போலீசார் திரண்டு வர, பண்ணைக்காரர்கள் எதிர்த்து நின்றனர். துர்நாற்றமும் ஆற்றுநீரின் அசுத்தமும் ஒரு தரப்பின் வாதம். நெடுங்கால ஜீவனோபாயம் மறுதரப்பின் வாதம். இரண்டிலும் நியாயம் உண்டு. ஆயினும் எந்தப் பிராணியைப் பற்றி அத்தனை வாதமும் நடந்ததோ, அதன் வேதனை இரு தரப்புக் கணக்கிலும் ஏறியதாகத் தெரியவில்லை.

வேதனை என்பது மிகைச்சொல் அன்று. பெருந்தொழிலாக நடத்தப்பெறும் பண்ணைகள் பலவற்றில் சினைப்பன்றி, ஏறத்தாழ 60 சென்டிமீட்டர் அகலமே உள்ள இரும்புக் கூண்டில், திரும்பி நிற்கவும் இயலாமல், 114 நாள் கர்ப்ப காலத்தின் பெரும்பகுதியைக் கழிக்கிறது. மண்ணை மூக்கால் கிளறித் திரிவதையும், ஈனுமுன் இலைதழைகளைச் சேர்த்துப் படுக்கை அமைப்பதையும் சுபாவமாகக் கொண்ட அப்பிராணி, அங்கே கம்பியைக் கடித்தே பொழுது போக்குகிறது. இடம் மிச்சமாகிறது, தீனி அளவாகச் செல்கிறது, ஒன்றையொன்று கடிப்பது நிற்கிறது, இறைச்சி மலிகிறது என்பன பண்ணையாளர் கூறும் சமாதானங்கள். அவை பொய்யல்ல. ஆனால் சினையின் தொடக்க வாரங்களும் ஈற்றுக்காலமும் நீங்கலாக இக்கூண்டை ஐரோப்பிய ஒன்றியம் 2013-இல் தடை செய்த பின்னும், அங்கே பன்றி வளர்ப்பு அழிந்துவிடவில்லை.

நெருக்கி அடைப்பதன் பலன் பன்றியோடு நிற்பதுமில்லை. 1998-இல் ஈப்போ வட்டாரத்தில் தோன்றி, மறு ஆண்டு நெகிரி செம்பிலானின் புக்கிட் பெலாண்டோக்கில் பெருகிய நிபா நோய், பழந்தின்னி வௌவாலிடமிருந்து பன்றிக்கும், பன்றியிடமிருந்து பண்ணையாட்களுக்கும் தொற்றி, 100-க்கும் மேற்பட்டோரின் உயிரைக் கொண்டது. ஏறத்தாழப் பத்து லட்சம் பன்றிகள் கொன்று புதைக்கப்பட்டன.

மலாக்காவின் செர்காம் வட்டாரத் தமிழருள் பன்றியிறைச்சி உண்பாரும் உண்டு, தொடாதாரும் உண்டு. தொடாமை ஆசாரமாகலாம், அதுவே ஜீவகாருண்யம் ஆகிவிடாது. அசுத்தமென ஒதுக்கியவர் ‘எனக்கென்ன’ என்று வாளாவிருப்பதும், உண்பவர் மலிவு கண்டு திருப்தியுறுவதும், ஒரே அலட்சியத்தின் இரு வடிவங்கள். மிருகங்களைத் துன்புறுத்துவதைக் குற்றமாக்கும் மலேசியாவின் 2015-ஆம் ஆண்டுச் சட்டமும் பன்றியை விலக்கி வைக்கவில்லை. பன்றியை உண்பதும் உண்ணாமையும் அவரவர் சமயத்தையும் வழக்கத்தையும் பொறுத்தவை. உயிரோடுள்ளவரை அதனைத் திரும்பி நிற்க விடுவது யாவர்க்கும் பொதுவான தர்மம்.