தண்டனையும் அமானிதமும்

மாலைப் பாடம் முடிந்து பிள்ளைகள் கலைந்தபின், அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தராயிருக்கும் என் பழைய மாணவர் தயங்கியவாறு வந்தமர்ந்தார். "ஹஜ்ரத், எங்கள் ஊழியர் ஒருவருக்கு நீதிமன்றம் தண்டனை விதித்துவிட்டது. அவரைப் பணியில் வைத்திருக்கலாமா, நீக்கிவிடலாமா என்ற குறிப்பை நான்தான் எழுதி மேலே அனுப்ப வேண்டும்" என்றார். உடனே விடை கூற என்னால் இயலவில்லை.

அன்று நாங்கள் ஓதிய பாடமும் இதனையொட்டியதே. பத்தினிப் பெண்கள்மீது அவதூறு சுமத்தி, நான்கு சாட்சிகளைக் கொண்டுவராதோருக்கு அந்நூர் அத்தியாயம் மூன்றினை விதிக்கிறது: எண்பது கசையடி, சாட்சியம் என்றும் ஏற்கப்படாமை, பாவிகள் என்னும் பெயர். அடுத்த வசனம், தவ்பா செய்து திருந்தியோருக்கு விலக்களிக்கிறது. அவ்விலக்கு எதனைச் சாரும்? இறுதியில் உள்ள பெயரை மட்டுமே என்பது இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களின் முடிவு; பாவி என்ற பெயர் நீங்கும், சாட்சியத் தகுதி மீளாது. அத்தகுதியும் மீளும் என்றார்கள் இமாம் ஷாஃபிஈ (ரஹ்). இவ்விரு மத்ஹபினரும் நம்மூர்களில் ஒன்றாய் வாழ்கிறோம். 'இல்லா' என்ற சிறு சொல்லுக்குள் ஒரு மனிதனின் எஞ்சிய வாழ்நாள் அடங்கிக் கிடப்பதை எத்தனை பேர் எண்ணியிருப்போம்! ஷாஃபிஈ சட்ட நூல்களும் வாய்ச்சொல் தவ்பாவை அப்படியே ஏற்றுவிடவில்லை. நான்கு பருவங்களும் அவன்மேல் கடந்து செல்லட்டும் என்று ஓராண்டு பார்க்கச் சொல்கின்றன.

நம் நாட்டு அரசியல் சாசனத்தின் 311ஆம் பிரிவு, குற்றத் தீர்ப்புக்குக் காரணமான நடத்தைக்காக ஊழியரைத் தனி விசாரணையின்றி நீக்க இடந்தருகிறது; நீக்கியே தீர வேண்டும் என்று கட்டளையிடவில்லை. டெல்லி அரசுப் பால் திட்டத்தில் பணம் வாங்கும் எழுத்தர் ஒருவர் 500 ரூபாயைக் கட்டாது வைத்திருந்தார், பின்னர் கட்டிவிட்டார். குடும்பத்தில் அடுத்தடுத்து நேர்ந்த துன்பங்களைக் கண்டு நடுவர் அவரைச் சிறைக்கு அனுப்பாது நன்னடத்தையின் பேரில் விடுவித்தார். அலுவலகமோ வேலையைப் பறித்தது. உச்ச நீதிமன்றம் முழுச் சம்பளத்துடன் அவரை மீண்டும் அமர்த்தியது 1985இல். இடையில் கழிந்த ஆண்டுகளை யார் திருப்பித் தருவது?

ஆயினும் இதே நீதிமன்றம் 2001இல், ஊழல் குற்றத்தில் தண்டனை பெற்றவர் மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறதென்று சொல்லி நாற்காலியில் தொடரலாகாது என்றும் கூறியது. அதுவும் சரியே. தவ்பா அடியானுக்கும் அல்லாஹ்வுக்கும் இடைப்பட்டது. பதவி அப்படியன்று, அது மக்களின் அமானிதம். கையூட்டு வாங்கிய அதே மேசையின் முன் மனுவும் கையுமாய் நிற்கும் விதவையின் அச்சத்தை, அவள் சார்பில் மன்னித்துவிட நமக்கு ஏது உரிமை? அத்தகையவருக்குப் பிழைப்பு வேண்டும்தான். அந்த மேசை வேண்டியதில்லை. வரப்புச் சண்டையில் கைநீட்டி அபராதம் செலுத்தியவனின் நிலை வேறு. அவன் காத்த அமானிதத்தில் பழுதேதும் இல்லை. அவனை நீக்கினால் தண்டனை பெறுவோர் அவனுடைய பிள்ளைகளே.

"உங்கள் ஊழியர் செய்ததுதான் என்ன, தம்பி?" என்று கேட்டேன்.

"கோப்பில் சட்டப்பிரிவின் எண் மட்டுமே இருக்கிறது, ஹஜ்ரத்."

தீர்ப்பின் நகலைக் கேட்டுப் பெற்று, முழுவதும் படித்தபின் குறிப்பை எழுதுமாறு சொல்லியனுப்பினேன்.